நானூறு மாமியார்கள்

அன்று காலை சூளைக்கு முன்னால் இருந்தவர்கள்: பீங்கான் பொம்மை யூனிட் முதலாளி தேவநாதன், இருபது வருஷமாக அங்கே வர்ணம் பூசும் கனகா, சென்னை சீரியல் கம்பெனி மேனேஜர் பாண்டியன், நானூறு மாமியார்கள். பாண்டியனின் டிரைவர் சாமிதுரை வெளியே காரில் தூங்கிக்கொண்டிருந்தார்.

சீரியலின் ஆயிரமாவது நாள் விழாவுக்கான பொம்மைகள் அவை. கனகாவுக்குக் கண் மங்கிவிட்டது என்று ஒரு மாதமாகச் சொல்லிவந்த தேவநாதன், இந்த ஆர்டர் கெட்டால் அவளை வேலையைவிட்டே அனுப்புவதாக இருந்தார்.

"நரை வேணாமாம்," என்றார் பாண்டியன். மாமியாராக நடிக்கும் மேடம் சென்னையிலிருந்து போன் வழியாக அவர் காதிலேயே குடியிருந்தாள். "இப்பல்லாம் அம்பது வயசுப் பொம்பளதாங்க ஹீரோயினு. காலம் மாறிப்போச்சு."

"அம்பதுக்கு நரை இருக்குமேங்க?"

"அம்பது இருக்கணும். தெரியக் கூடாது."

சூளையில் வேகும்வரை வர்ணத்தைத் துடைத்துவிடலாம். வெந்தபின் பிரம்மனாலும் முடியாது. கனகா மாதிரிக்கு ஒரு பொம்மையின் தலையைக் கறுப்பாக்கினாள். மாமியார் மருமகளாகிவிட்டாள். வித்தியாசம் தெரிய மூக்குக்கண்ணாடி வரைந்தாள். பாண்டியன் அதைப் போனில் வர்ணித்தார்.

"கண்ணாடி போட்டா கெழவியாம்."

கண்ணாடி போனது. பொட்டு பெரிதானது.

"வில்லியாம்."

பொட்டு சிறுத்தது. பொம்மை பத்தாவது பரீட்சைக்குக் கிளம்பியதுபோல் நின்றது.

"ஓகேவாம்!"

"அப்ப வயச எங்கதாங்க வெக்கிறது?" என்றாள் கனகா. "அடியில எழுதிடட்டுமா?"

பாண்டியன் அதையும் போனில் சொல்லித் தொலைத்தார். மேடம் கத்தியது சூளைவரை கேட்டது.

தேவநாதன் திரும்பினார். "ஒனக்கும் நாப்பத்தெட்டாச்சு. கண்ணு மங்க மங்க வாயி நீளுது. இந்த நானூறையும் இதேமாரி மாத்திக் குடுத்துட்டுக் கெளம்பு. நாளையிலேர்ந்து அந்தப் புதுப் பொண்ணு இளமதி பாத்துக்குவா."

"அவளுக்குப் புருவம் எழுத வராதுங்க."

"கத்துக்குவா. இருபது வயசு."

சாயங்காலம் நானூறு பரீட்சைப் பெண்களும் சூளைக்குள் போனார்கள். தீ பிடித்தது. கனகா சாப்பாட்டுத் தூக்கோடு வெளியே வந்தாள். அவள் முதுகுக்குப் பின்னால் தேவநாதன் யூனிட் கதவை உள்ளிருந்து சாத்திப் பூட்டினார்.

காரிலிருந்து சாமிதுரை இறங்கி ஓடிவந்தார். "யக்கா, தெறக்கச் சொல்லு. மேனேஜருக்கு அவசரச் சேதி."

"எனக்கு இனிமே அங்க வேலையில்ல தம்பி. என்னா சேதி?"

"காலையிலேர்ந்து மேடத்துகிட்டயே பேசிக்கிட்டிருக்காரு, ஆபீஸுக்கு லைனே கெடைக்காம எனக்குப் போட்டாங்க. அந்த மேடத்த நேத்தே தூக்கிட்டாங்களாம். இவருக்குப் பதில் இவர். புது மாமியாருக்கு இருபத்தாறு வயசுக்கா!"