இடப்பக்கம் திரும்பாத ஹாரன் அண்ணன்

கார் பந்தயத்தின் முதல் திருப்பத்திலேயே வெற்றியை விட்டுப் புண்ணியத்தைச் சம்பாதித்த வீரர், உலகத்திலேயே எங்கள் ஹாரன் அண்ணன் ஒருவர்தான். திருவண்ணாமலையில் டாக்சி ஓட்டுகிறார். பிரேக்கைவிட ஹாரனை நம்பியதால் வந்த பெயர்.

அவருக்குப் பந்தய ஆசை பிறந்தபோது நானும் வண்டியில் இருந்தேன். ரமணாசிரமத்தில் ஏறிய வெள்ளைக்காரர் ஒருவர், செங்கம் ரோட்டில் முன் சீட்டைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, "யூ ரேஸ் டிரைவர்!" என்று அலறினார். அவர் உயிர்ப் பயத்தில் திட்டியதை அண்ணன் சான்றிதழாக வாங்கிக்கொண்டார்.

"கேட்டியா தம்பி? ஃபாரின்காரனே சொல்லிட்டான்!"

பி.எஸ்ஸி. முடித்துவிட்டு ஊர் சுற்றிக்கொண்டிருந்த நான், அந்த நிமிடமே அவருக்கு மேனேஜர் ஆனேன்.

பந்தயத்துக்கு வண்டி கேட்டதும் டாக்சி முதலாளி ஒரே பேச்சாகச் சொல்லிவிட்டார்: "ஜெயிச்சா வண்டி உனக்கே. தோத்தா சாவிய ஆணியில மாட்டிட்டு நடையக் கட்டு." அண்ணனுக்கு வண்டி ஓட்டுவதைத் தவிர வேறு தொழில் தெரியாது. நடையும் சுமார்தான்.

பயிற்சி கிரிவலப் பாதையில். சாமி சுற்றுகிற மாதிரி, மலை எப்போதும் வலப்பக்கம். அடி அண்ணாமலையில் அவர் வருகிற சத்தம் கேட்டாலே, ஊர்க்காரர்கள் கேழ்வரகுக் கதிரைக் கொண்டுவந்து ரோட்டில் பரப்பிவிடுவார்கள். மாடு கட்டி மிதிக்கிற வேலை மிச்சம்.

"அண்ணே, இன்னொரு ரவுண்டு வாங்க! இந்தப் பக்கம் சரியா உதிரல!" என்று ஒரு அம்மா கத்துவார். ரசிகர் கூட்டம் என்று நினைத்து அண்ணன் கையசைப்பார்.

பந்தயம் மெட்ராஸ் பக்கத்தில். கொடி இறங்கியதும் அண்ணன்தான் முதலில் பாய்ந்தார். நான் தொண்டை கிழியக் கத்தினேன். முதல் திருப்பம் வந்தது. எல்லா வண்டியும் இடப்பக்கம் திரும்பியது. அண்ணன் மட்டும் கம்பீரமாக வலப்பக்கம் திரும்பி, ஓரத்தில் தடுப்புக்குப் போட்டிருந்த வைக்கோல் போருக்குள் புகுந்தார்.

ஓடிப்போய்ப் பார்த்தேன். தலையெல்லாம் வைக்கோல்.

"என்னண்ணே இது?"

"கை தானா போயிடுச்சுப்பா. அந்தப் பக்கம் ஒடிச்சா மலை இடப்பக்கம் வந்துடுமே!"

"இங்க ஏதுண்ணே மலை?"

"கைக்கு எப்படிடா தெரியும் அது?"

திரும்பி வந்ததும் சாவியை ஆணியில் மாட்டினார். ஆனால் நகரவில்லை.

"மொதலாளி, எதிர்ப்பக்கம் சுத்திப் பழகணும். ஆனா மலைய இடப்பக்கம் விட்டா பாவம். அதனால ரிவர்ஸ்லயே சுத்திடறேன். மலையும் வலப்பக்கமே இருக்கும், எதிர்ச் சுத்தும் ஆயிடும்."

முதலாளி ஆணியிலிருந்து சாவியை எடுத்து நீட்டினார். "ரிவர்ஸ்லதானே? போ. அந்த வேகத்துல எவனும் சாவ மாட்டான்."

ரிவர்ஸில் போனாலும் ஸ்டியரிங்கை வலப்பக்கம்தான் ஒடிக்க வேண்டும்; இடப்பக்கம் ஒடிக்கக் கை பழகவே பழகாது. பி.எஸ்ஸி. படித்தவன், எனக்குத் தெரியும். சாவியை வாங்கியபோது அண்ணன் முகத்தைப் பார்த்தவன் எவனும் அதைச் சொல்ல மாட்டான்.

நாளைக் காலை கிளம்புகிறோம். பின்னால் பார்த்து வழி சொல்ல ஒரு ஆள் வேண்டுமாம். பின் சீட்டில் மண்டி போட்டு நான்தான் உட்காரப் போகிறேன்.