இடப்பக்கம் ஆள் இருக்குது

திருவண்ணாமலையில் சாமிக்கு மொட்டை போட்டவர்கள் எத்தனையோ லட்சம் பேர் இருப்பார்கள். மீசையில் பாதியை மட்டும் கொடுத்தவர் உலகத்திலேயே ஒருவர்தான். அவர் என் பக்கத்துப் போர்ஷன்காரர், ஒரு டாக்டரிடம் கம்பவுண்டர். ஊர் அவரை அரைமீசை என்றது. அவர் மனைவி சரோஜாக்கா அவரை என்னவென்று சொன்னாள் என்பதை இந்தப் பத்திரிகையில் அச்சடிக்க மாட்டார்கள்.

எழுபதுகளில் நான் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டர். திருவூடல் தெருவில் நாலு குடித்தனத்துக்கு ஒரு குழாய் இருந்த வீட்டில், எனக்கும் அவர்களுக்கும் நடுவே ஒற்றைச் செங்கல் சுவர். பகலெல்லாம் ஊரார் பேச்சைக் காதில் வாங்கிவிட்டு வீட்டுக்கு வந்தால், சுவருக்கு அந்தப் பக்கமும் லைன் ஓடிக்கொண்டிருக்கும்.

அவர்களுக்குக் கல்யாணமான புதிதில் வந்த கார்த்திகை தீபத்தில்தான் எல்லாம் ஆரம்பித்ததாம். மலை உச்சியில் தீபம் ஏற்றுகிற நேரத்தில் அர்த்தநாரீஸ்வரர் வெளியே வந்து ஆடிவிட்டு, நாம் கன்னத்தில் போட்டுக்கொள்வதற்குள் உள்ளே போய்விடுவார். வருஷத்தில் அன்று மட்டும்தான் தரிசனம். கூட்டம் தள்ளிய தள்ளில் இவர் சாமிக்குக் கிட்டவே போய்விட்டார். வலது பாதி அய்யா, இடது பாதி அம்மன். பார்த்தவர் வீட்டுக்கு வரவில்லை. நேராக சலூனுக்குப் போய், "இடது பக்க மீசைய எடுத்துடுப்பா. இந்தப் பக்கம் என்னுது இல்ல, அம்மனுது" என்றாராம். சலூன்காரர் முதலில் இவர் வாயை முகர்ந்து பார்த்துவிட்டுத்தான் கத்தியை எடுத்தாராம்.

மீசையோடு நின்றிருந்தால் நான் இதை எழுதியே இருக்க மாட்டேன். இடது காதில் ஒரு கடுக்கன் ஏறியது. இடது காலில் ஒரு கொலுசு ஏறியது. அந்தக் கொலுசு சரோஜாக்காவுடையது. அவள் மிச்சமிருந்த ஒற்றைக் கொலுசைக் கழற்றி டிரங்குப் பெட்டியில் எறிந்தாள்.

கிளினிக்கில் டாக்டர் நாற்காலிக்குப் பின்னால் ஒரு உடம்புப் படம் தொங்கும். தோலை உரித்து, உள்ளே இருப்பதையெல்லாம் கலர் கலராகக் காட்டுகிற படம். நான் இருமலோடு போன அன்று கம்பவுண்டர் அதைக் காட்டி விளக்கம் சொன்னார்.

"பாத்தியாம்மா, இருதயத்த அம்மா தன் பக்கமா வச்சிக்கினாங்க. ஈரலை அய்யா தலையில கட்டிட்டாங்க. வெவரமானவங்க."

உள்ளேயிருந்து டாக்டர், "யோவ், அது எல்லாருக்கும் அப்படித்தான்யா" என்றார்.

"அதத்தாங்க நானும் சொல்றேன்" என்றார் இவர்.

இடது கையில் ஊசி போட வேண்டியிருந்தால், "தாயே, மன்னிச்சுக்கோ" என்று அந்தக் கையைக் கும்பிட்டுவிட்டுத்தான் போடுவார். சாகப்போகிறோம் போலிருக்கிறது என்று குழந்தைகள் அலறும். இடது முழங்கால் வலி என்று வருகிறவர்களை, "முதல்ல அம்மன் சன்னதிக்குப் போய்ட்டு வந்துடுங்க, மாத்திரை எங்கியும் போயிடாது" என்று திருப்பி அனுப்புவார். டாக்டர் இரண்டு முறை அவரை வேலையை விட்டு நிறுத்தினார். அந்தச் சம்பளத்துக்கு வேறு ஆள் கிடைக்காததால் இரண்டு முறையும் அவரே வீட்டுக்கு ஆள் அனுப்பினார்.

இதையெல்லாம் விடப் பெரிய சிக்கல் கொல்லைப்பக்கத்தில் முளைத்தது. இடது கை அம்மன் கை. அந்தக் கையால் எப்படிக் கால் கழுவுவது? ஆகவே வலது கையால் கழுவினார். கழுவின கையால் எப்படிச் சாப்பிடுவது? ஆகவே ஸ்பூனால் சாப்பிட்டார், அதுவும் கிளினிக்கில் டானிக் ஊற்றுகிற ஸ்பூன். சரோஜாக்காவின் தம்பி கல்யாணப் பந்தியில் இவர் சட்டைப் பையிலிருந்து அதை எடுத்து சாம்பார் சாதத்தை அள்ளியபோது, சம்பந்தி வீட்டார் தங்கள் சமையலில்தான் ஏதோ சந்தேகம் போலிருக்கிறது என்று சண்டைக்கு வந்துவிட்டார்கள்.

ரமணாசிரமம் பக்கத்தில் தங்கியிருந்த வெள்ளைக்கார அம்மா ஒருத்தி வயிற்றுப்போக்குக்கு மருந்து வாங்க வந்து, இவர் மீசையைப் பார்த்து உருகிப்போனாள். வீட்டுக்கே வந்து காலில் விழுந்தாள். ஞானியாம். குழாயடியில் குடத்தோடு நின்ற சரோஜாக்கா என்னிடம், "அந்த ஞானிய ரேஷனுக்குப் போயி சக்கரை வாங்கியாரச் சொல்லு. நான் மூணு நாளா சொல்லிக்கினு இருக்கேன்" என்றாள். அந்த அம்மாவுக்குத் தமிழ் தெரியாது. இவளுக்கும் சேர்த்து ஒரு கும்பிடு போட்டுவிட்டுப் போனாள்.

இதுவரைக்கும் நானும் சிரித்தவள்தான். ஸ்டுடியோவுக்குப் போய் வந்த நாளோடு என் சிரிப்பு நின்றுவிட்டது.

புருஷனோடு சேர்ந்து ஒரு போட்டோ எடுத்துச் சுவரில் மாட்ட வேண்டும் என்று அவளுக்கு ஆசை. வேறு எதையும் அவள் அந்த மனுஷனிடம் கேட்டதில்லை. பட்டுப்புடவை கட்டிக்கொண்டு, துணைக்கு என்னையும் கூட்டிக்கொண்டு போனாள். போட்டோக்காரர் வழக்கமாகச் சொல்வதைத்தான் சொன்னார்.

"அம்மா, சாருக்கு இடது பக்கம் வந்து நில்லுங்க."

"அங்க ஆள் இருக்குது" என்றார் அரைமீசை.

போட்டோக்காரர் கேமராவின் கறுப்புத் துணிக்குள்ளிருந்து தலையை நீட்டி, யார் என்று தேடினார். சரோஜாக்கா புருஷன் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு நிதானமாகத்தான் கேட்டாள்.

"உங்கிட்ட பாதிதான் பொம்பள. அதுக்கு கொலுசு, கும்பிடு, எல்லாம் நடக்குது. நான் முழுசா பொம்பளையாச்சே. எனக்கு இன்னா பண்ண?"

அவள் தெருவில் இறங்கி நடந்துவிட்டாள். போட்டோவில் அவர் மட்டும் இருக்கிறார், இடப்பக்கம் கொஞ்சம் இடம் விட்டு.

பாதி உடம்பைப் பெண்டாட்டிக்குக் கொடுத்த சாமியின் ஊர் இது. அதைப் பார்க்கப் பஸ் பஸ்ஸாக வந்து இறங்குகிறார்கள். வந்த ஆம்பளைகள் முன்னால் கையை வீசிக்கொண்டு மலை சுற்றுவார்கள். இடுப்பில் ஒன்று, கையில் ஒன்று என்று பிள்ளைகளைச் சுமந்துகொண்டு பெண்டாட்டிகள் பின்னால் ஓடி வருவார்கள். எனக்கு அதைப் பார்த்தால் இன்றைக்கும் வயிறு எரிகிறது.

எண்பதுகளில் ஒரு காலை, குழாயடியில் அரைமீசை சரிந்து விழுந்தார். வாய் கோணிவிட்டது. இடது கையும் இடது காலும் போய்விட்டன. அம்மன் தன் பங்கைப் பிரித்து எடுத்துக்கொண்டு போய்விட்டாள் என்று தெரு பேசியது. ஆஸ்பத்திரியில் டாக்டர் எங்களுக்குப் புரியும்படி சொன்னார்.

"மூளையில வலது பக்கம் அடைப்பு. உடம்போட இடது பக்கத்த ஆளுறது அந்த வலது பக்கந்தான்மா."

சரோஜாக்கா யோசித்தாள்.

"அங்கியும் ஆம்பள பக்கந்தான் ஆளுதா?" என்றாள்.

டாக்டருக்குப் புரியவில்லை. கட்டிலில் கிடந்தவருக்குப் புரிந்தது. அவர் வலது கண்ணில் தண்ணீர் வழிந்ததை நான் பார்த்தேன்.

அவள் விட்டுவிட்டு அம்மா வீட்டுக்குப் போயிருக்கலாம். போயிருந்தால் நான்தான் பஸ் ஏற்றிவிட்டிருப்பேன். போகவில்லை. துடைத்தாள், புரட்டிப் போட்டாள், கால் கழுவிவிட்டாள். அம்மன் கை, அய்யா கை என்றெல்லாம் பார்க்கவில்லை. தன் இடது கையால்தான் கழுவினாள். வாரம் ஒருமுறை மணையில் உட்காரவைத்து, பிளேடு பிடித்து, அந்த இடது பக்க மீசையை அவளே மழித்துவிட்டாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"இன்னும் எதுக்குக்கா இந்தக் கூத்து?"

"அது வளந்தா அழுவுறாருடி" என்றாள் பிளேடிலிருந்து கண்ணை எடுக்காமல்.

அந்த வருஷம் தீபத்தன்று எப்படியோ அவரை மொட்டை மாடிக்கு ஏற்றிவிட்டோம். அவரால் தனியாக நிற்க முடியாது, செத்துப்போன இடப்பக்கம் சரிந்துகொண்டே போகும். அவள் வலப்பக்கம் நின்று பிடித்துப் பார்த்தாள், நிற்கவில்லை. அவர் கோணின வாயால் ஏதோ சொன்னார். எங்களுக்கு விளங்கவில்லை. மறுபடியும் சொன்னார், தாடையெல்லாம் நடுங்க.

"இந்தப் பக்கம்... நீ நில்லு."

அவள் அசையாமல் அவரைப் பார்த்தாள். "அங்க ஆள் இருக்குதே" என்றாள். குரலில் இத்தனை வருஷத்துக் கசப்பும் இருந்தது.

"நீதான்" என்றார்.

இடப்பக்கமாகப் போய், வலது கையை அவர் இடுப்பில் சுற்றி, அவர் பாரத்தைத் தன் மேல் வாங்கிக்கொண்டாள். மலையில் தீபம் எரிந்தது. ஊரே அரோகரா என்றது. கும்பிடுவதற்கு அவர் வலது கை மேலே வந்து, ஜோடி இல்லாமல் நெஞ்சுக்கு முன்னால் நின்றது. சரோஜாக்கா தன் இடது கையைக் கொண்டுபோய், அவரைத் தினமும் கழுவிவிட்ட அதே கையை, அந்தக் கையோடு சேர்த்து வைத்தாள். இரண்டு பேருக்குமாக ஒரு கும்பிடு.

நான் மலையைப் பார்க்கவில்லை. அடுத்த தீபத்துக்கு அவர் இல்லை. அந்த ஆளை நான் இன்னும் மன்னிக்கவில்லை, மன்னிக்கவும் மாட்டேன். ஆனால் ஒவ்வொரு தீபத்தன்றும் மாடிக்குப் போனால், சரோஜாக்காவுக்கு வலப்பக்கம் ஓர் ஆள் நிற்கிற அளவுக்கு இடம் விட்டுத்தான் நிற்கிறேன்.