கேள்வியாரின் பின்மண்டை

மதிப்பிற்குரிய அத்தான் அவர்களின் சமூகத்திற்கு, மைத்துனன் பணிவோடு எழுதிக்கொள்வது.

இங்கே நாங்கள் எல்லோரும் சௌக்கியம். அங்கே நீங்கள் சௌக்கியமாக இல்லை என்று அக்கா தொலைபேசியிலேயே சொல்லிவிட்டதால், அந்த விசாரிப்பைத் தாண்டி நேரே விஷயத்துக்கு வருகிறேன். இதோடு ஒரு மன்னிப்புக் கடிதம் இணைத்திருக்கிறேன். நானே எழுதியது. "என் கவனக்குறைவால்" என்று தொடங்கி "இனி நேராது" என்று முடிகிறது. கீழே கையெழுத்து மட்டும் போட்டு அனுப்பிவிட்டு, பின்னாலேயே நீங்களும் கிளம்பி வர வேண்டும்.

கதை உங்களுக்குத் தெரியும். ஆனால் அந்த வீட்டுக்கு வரும் தபாலை முதலில் பிரிப்பது அக்கா என்பதும், இரண்டு வருஷமாக என் வீட்டு மாடி அறையில் நாம் இருவரும் என்ன செய்துகொண்டிருந்தோம் என்று அவளுக்கு இன்னும் சரியாகப் பிடிபடவில்லை என்பதும் எனக்குத் தெரியுமாதலால், அவளுக்கும் சேர்த்தே எழுதுகிறேன். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் தொலைக்காட்சியில் வினாடி வினா நடத்துகிறாரே, கேள்வியார் என்று ஊரே கூப்பிடுகிறதே, அவரைத் துப்பறிவாளராக்கி மாதம் இரண்டு படக்கதைப் புத்தகம் வருகிறது. படம் அத்தான். படத்தில் இருப்பவர்களின் வாயிலிருந்து கிளம்பும் பலூன்களுக்குள் வசனம் எழுதுவது அடியேன். நாலு வரிக்கு மேல் எழுதினால் பலூன் வெடித்துவிடும் என்று ஆசிரியர் சொல்வார். நான் எழுதினதிலேயே நல்ல வசனங்களெல்லாம் ஐந்தாவது வரியில்தான் இருந்தன.

கேள்வியாருக்கு முன்னால் அலை அலையாக முடி. பின்மண்டையிலோ ஒரு சாஸர் வைக்கும் அளவுக்கு வெட்டவெளி. இது அவரும் அவருக்கு முடி வெட்டுகிறவரும் நாமும் மட்டும் அறிந்த ரகசியம். தொலைக்காட்சிக் கேமரா ஒருநாளும் அவருக்குப் பின்னால் போனதில்லை. ஒப்பந்தத்திலும் ஆறாவது விதியாக, எந்தக் கட்டத்திலும் நாயகரின் பின்பக்கம் வரையப்படலாகாது என்று எழுதி வாங்கிக்கொண்டார். பின்பக்கமே இல்லாத ஒரு மனிதரை வைத்துக்கொண்டு துப்பறிந்து பார்த்தால்தான் அதன் கஷ்டம் தெரியும். திருடனைத் துரத்தினால் அவர் நம்மைப் பார்த்து ஓடி வர வேண்டும். அப்படியானால் திருடன் அவருக்கு முன்னால், நமக்கு இன்னும் பக்கத்தில், அவரைவிடப் பெரிசாக ஓடி வருவான். பத்து இதழில் வாசகர்கள் திருடனுக்குப் பிறந்தநாள் வாழ்த்து அனுப்ப ஆரம்பித்தார்கள். ஏணியில் ஏறினால் ஏணிக்கு முதுகைக் கொடுத்து ஏற வேண்டும். ஒரு தச்சர் அதைக் கண்டித்து எழுதினார். அறையை விட்டு வெளியேறுவதானால் பின்னோக்கி நடந்துதான் வெளியேற வேண்டும். அதற்கு நான் "எதிரிக்கு முதுகு காட்டுவது என் வழக்கமில்லை" என்று ஒரு பலூன் போட்டேன். நம் இரண்டு பேரையும் காப்பாற்றிய பலூன் அது. ஆனால் ஒரு பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் எல்லாம் வகுப்பை விட்டுப் பின்னோக்கி நடந்து வெளியேறியதில் கணக்கு வாத்தியார் படியில் உருண்டார்.

இப்படியாக நாற்பத்திரண்டு இதழ் ஒப்பேற்றினோம். முதல் பத்து இதழ்வரை ஒவ்வொரு பக்கத்தையும் தானே பார்த்துக் கையெழுத்திட்ட கேள்வியார், பிறகு நம்மை நம்பிவிட்டார். நாற்பத்து மூன்றாவதின் கடைசிக் கட்டத்துக்கு நீங்கள் இரண்டு படம் போட்டீர்கள். ஒன்றில் கேள்வியார் மழையில் சிரித்துக்கொண்டே நம்மைப் பார்த்து வருகிறார். இன்னொன்றில், வழக்கு முடிந்து, நனைந்த தெருவில், கையில் பையோடு தனியாக வீட்டுக்குப் போகிறார். முதுகு. அந்த வட்டமும் இருந்தது. "இது அவங்களுக்கு, அது நமக்கு மாப்ள" என்று சொல்லி, சிரிக்கிற படத்தை உறையில் போட்டு என்னிடம் கொடுத்தீர்கள். அதாவது, போட்டதாக நினைத்துக் கொடுத்தீர்கள். நான் கொண்டுபோய் ஆபீசில் சேர்த்தேன். அச்சாகி வந்ததோ முதுகு. மாடி அறை மேசையின் இழுப்பறையைத் திறந்தால் சிரிக்கிற படம் உள்ளே பத்திரமாக இருந்தது. நீங்களே பார்த்தீர்கள்.

கேள்வியார் ஆபீசுக்கு வந்தார். வந்ததிலிருந்து போகும்வரை சுவரில் முதுகை ஒட்டிக்கொண்டே நின்றார். உட்காரச் சொன்னதற்கும் உட்காரவில்லை.

"ஞாயித்துக்கிழமை ஷூட்டிங்ல என்ன நடந்துச்சு தெரியுமா சார்? போட்டிக்கு வந்தவர் பதில் சொல்லாம என் பின்னாடி எட்டி எட்டிப் பாக்குறார்" என்றார்.

"தப்புதான் சார்" என்றார் ஆசிரியர்.

"உங்க தப்பு எனக்கு எதுக்கு? போட்டவர் கைப்பட எழுதித் தரணும். அடுத்த இதழ்ல அதைப் போடணும். இல்லேன்னா புத்தகமே வேண்டாம்."

சொல்லிவிட்டு, ஆசிரியரும் நானும் பார்த்துக்கொண்டிருக்க, பின்னோக்கி நடந்து வெளியேறினார். கதவுக்குப் பதிலாகப் பீரோவில் இடித்துக்கொண்டார். நாங்கள் சிரிக்கவில்லை. ஆசிரியர் மட்டும் குனிந்து வெகுநேரம் பேனாவைத் தேடினார்.

நான் வந்து சொன்னதும் நீங்கள் ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசியிருக்கலாம். மாறாக, கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தீர்கள். "எந்தப் படம் எதுன்னு தெரியாதவன் படம் போடக் கூடாது மாப்ள. கண்ணும் போச்சு, கவனமும் போச்சு" என்றீர்கள். தூரிகைகளைக் கழுவித் துடைத்து என் கையில் கொடுத்துவிட்டுப் பஸ் ஏறிவிட்டீர்கள். பதினைந்து நாளாயிற்று.

ஆசிரியர் சும்மா இருப்பாரா, கடைப் பலகை எழுதும் ஒருவரைப் பிடித்து வந்தார். நல்ல மனிதர், கை சுத்தம். ஆனால் வாழ்நாள் முழுக்க வாடிக்கையாளரை வரவேற்றே பழகியவராதலால் அவர் போட்ட கேள்வியார் எதற்கும் கும்பிட்டுச் சிரிக்கிறார். கிணற்றில் விழும்போதும் கும்பிட்டுக்கொண்டே விழுகிறார். பிணத்தைக் கண்டுபிடிக்கும் கட்டத்தில் பிணமும் சிரிக்கிறது. போதாததற்கு மூலையில் ஓர் அம்புக்குறி போட்டு, மாடிக்கு வழி என்று எழுதிவிட்டார். சரி, நானே போட்டுப் பார்ப்போம் என்று ஒருநாள் உட்கார்ந்தேன். வீட்டுக்காரி எட்டிப் பார்த்துவிட்டு, "பூசணிக்காய்க்கு எதுக்குங்க மீசை?" என்று கேட்டுவிட்டுப் போனாள். போனவள் திரும்பி வந்து, "அண்ணன் செஞ்ச தப்புக்கு நீங்க ஏன் ராத்தூக்கம் இல்லாமப் புரளுறீங்க?" என்றும் கேட்டாள். பெண்களுக்குத் தேவையில்லாத கேள்விகள்.

நேற்று அக்கா பேசினாள். எப்போதும் கறிகாய் வாங்கும் சீட்டில் நீங்கள் எழுதுவதில்லையாம், படம் போட்டுத்தான் கொடுப்பீர்களாம். கத்தரிக்காய்க்குக் காம்புகூட இருக்குமாம். "இப்ப கத்தரிக்காய் கால் கிலோன்னு எழுத்துல எழுதிக் குடுக்குறார்டா. எனக்கு என்னமோ பயமா இருக்கு" என்றாள்.

ஆகவே அத்தான், தவறுவது மனித இயல்பு, வயது ஏற ஏறக் கைமறதி எல்லோருக்கும் வரும், அதற்காகத் தூரிகையைத் துறப்பது அழகல்ல. ஒரு கையெழுத்தில் என்ன குறைந்துவிடப் போகிறது? பெரிய மனது பண்ணிப் போட்டுவிட்டால் பிரச்சினை தீர்ந்தது, கேள்வியார் சமாதானமாவார், அக்கா நிம்மதியாவாள், பலகை எழுதுகிறவர் பலகைக்குத் திரும்புவார். அக்காவுக்கு என் அன்பு. உங்கள் பாதங்களுக்கு என் வணக்கம். ஆண்டவன் உங்கள் கண்ணுக்கும் கைக்கும் நீண்ட ஆயுளைத் தரட்டும்.

இப்படிக்கு,
என்றும் உங்கள் கீழ்ப்படிதலுள்ள மைத்துனன்

பின்குறிப்பு: மன்னிப்புக் கடிதத்தில் கையெழுத்துப் போட வேண்டாம். கிழித்துவிடுங்கள். நீங்கள் உறையில் சரியான படத்தைத்தான் போட்டீர்கள். ஆபீஸ் மாடிப்படியில் நின்று பிரித்து மாற்றியவன் நான். சிரிக்கிற படத்தைத் திரும்பக் கொண்டுவந்து இழுப்பறையில் வைத்தவனும் நான்தான். நாற்பத்திரண்டு இதழாக அந்த மனிதருக்கு ஆயிரக்கணக்கில் பலூன் எழுதியிருக்கிறேன். அந்த ஒரு கட்டத்துக்கு என்னால் ஒன்றும் எழுத முடியவில்லை, எழுதவும் வேண்டியிருக்கவில்லை. அதை நாம் இரண்டு பேர் மட்டும் பார்த்துவிட்டு இழுப்பறையில் பூட்டுவது எனக்குப் பொறுக்கவில்லை. உங்கள் கண்ணுக்கு ஒன்றும் ஆகவில்லை அத்தான். இதைப் பதினைந்து நாளாகச் சொல்ல வரவில்லை. அதனால்தான் மேலே அத்தனையும் எழுதினேன். இன்று காலை ஆசிரியரிடம் என் பெயரிலேயே எழுதிக் கொடுத்துவிட்டேன். படித்துவிட்டு, "அப்போ ஓவியரைக் கூட்டிட்டு வாங்க, பலூனை நானே எழுதிக்கிறேன்" என்றார். உங்களைக் கூட்டி வருவதுதான் அங்கே எனக்கு மிச்சமிருக்கும் கடைசி வேலை. நாளை மறுநாள் மதியம் வந்துவிடுவேன். திட்டுவதையெல்லாம் தயவுசெய்து சாப்பாட்டுக்குப் பிறகு வைத்துக்கொள்ளுங்கள்.