ஆஸ்பத்திரிக்கு மயிலில் வந்தவர்

எடிட்டர் என்றால் என்ன வேலை என்று சொல்லிப் புரியவைத்தவர் ஒருவரையும் நான் பார்த்ததில்லை. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளின் கடைசியில், திண்டுக்கல் பக்கம் அகரத்துக்குப் பெண் பார்க்கப் போனபோது, "படத்தை வெட்டி ஒட்டுறேன்" என்றேன். பெண்ணின் அப்பா வெள்ளைச்சாமி, மல்லிகைத் தோட்டக்காரர். காலண்டர் படமா என்று கேட்டார். சினிமா என்றதும் இன்னும் குழம்பிப்போனார். அம்புட்டுச் செலவழித்து எடுத்ததை எதற்கு வெட்ட வேண்டும் என்பது அவர் கேள்வி. (நியாயமான கேள்விதான். தயாரிப்பாளர்களும் அதையேதான் கேட்பார்கள்.) இப்படி ஒரு வேலைக்காரனுக்குப் பெண் கொடுப்பதா என்று வீட்டுக்குள் முணுமுணுப்பு எழுந்தது.

நேரில் காட்டிவிடுவது என்று முடிவு செய்தேன். நான் வெட்டிய குடும்பப் படம் ஒன்று அப்போது திண்டுக்கல்லில் ஓடிக்கொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமை மதியக் காட்சிக்கு வெள்ளைச்சாமியையும் அவர் மனைவியையும் பெண் செல்வராணியையும் வரச் சொன்னேன். டைட்டிலில் என் பெயர் வந்தபோது, நான் எழுந்து நின்று கும்பிடாத குறை.

பாதிப் படம் ஒழுங்காகப் போனது. கதாநாயகி ஆஸ்பத்திரிக் கட்டிலில் மயங்கிக் கிடக்கிறாள். டாக்டர் உதட்டைப் பிதுக்குகிறார். அடுத்து ஆபரேஷன் வர வேண்டும். முருகன் வந்தார். மயில்மேல், கையில் வேலோடு. அதே கதாநாயகி குறத்தி வேஷத்தில் தினைப்புனத்தில் நின்று வெட்கப்பட்டாள்.

எனக்கு வியர்த்துவிட்டது. அந்த வருஷம் ஒரு குடும்பப் படம், ஒரு சண்டைப் படம், ஒரு சாமி படம் என்று மாற்றி மாற்றி வெட்டிக்கொண்டிருந்தேன். இதிலும் சாமி படத்திலும் அவளேதான் நாயகி. தூக்கக் கலக்கத்தில் நானே ஒட்டித் தொலைத்தேனா? முதல் பிரதி பார்த்த அன்று இந்த மயில் இருந்ததா? இருந்தது போலவும் இருந்தது. இல்லாதது போலவும் இருந்தது.

வெள்ளைச்சாமி என் பக்கம் சாய்ந்தார். "தம்பி, ஆசுபத்திரியில கெடந்த பிள்ள காட்டுக்கு எப்படிப் போச்சு?"

"அது... கனவுங்க" என்றேன்.

அவர் அதைப் பக்கத்து இருக்கைக்காரரிடம் சொன்னார். அவர் முன்வரிசைக்குச் சொன்னார். சற்று நேரத்தில் கொட்டகை முழுக்கக் கனவு பரவி, யாரோ "அரோகரா" என்று குரல் கொடுத்தார்கள்.

நான் படம் ஓட்டும் ஆபரேட்டரின் அறைக்கு ஓடினேன். அவர் நிதானமாக பீடியை அணைத்தார். காலைக் காட்சிக்குப் போட்ட சாமி படத்தின் சுருள் ஒன்று இதில் கலந்துவிட்டதாம். நிறுத்தச் சொன்னேன். "சனம் கையெடுத்துக் கும்புடுது சார். இப்ப நிப்பாட்டுனா நாற்காலிய ஒடச்சுருவாங்க" என்றார். நான் ஒட்டவில்லை என்ற நிம்மதியில் அவருக்கு நன்றி சொல்லிவிட்டு வந்தேன். (எதற்கு நன்றி என்று இன்றுவரை புரியவில்லை.)

நான் திரும்பி வந்து உட்கார்ந்தபோது அடுத்த சுருள் தொடங்கியது. கதாநாயகி தலைநிறையப் பூவோடு ஆஸ்பத்திரியிலிருந்து நடந்து வெளியே வந்தாள். முருகனே குணப்படுத்திவிட்டார் என்று கொட்டகை கைதட்டியது. வெள்ளைச்சாமி கண்ணைத் துடைத்துக்கொண்டு என் கையைப் பிடித்தார். "இதுவா தம்பி ஒங்க வேல? வைகாசியிலயே முகூர்த்தம் பார்த்துருவோம்."

வெளியே சோடாக் கடையருகே செல்வராணி முதன்முதலாக என்னிடம் பேசினாள். "கனவுன்னு சொன்னீங்களாமே. அந்தப் பொண்ணு எப்ப முழிச்சுச்சு?"

உண்மையைச் சொன்னேன். அவள் அப்பாவைத் திரும்பிப் பார்த்துவிட்டு, "அவருகிட்டச் சொல்லாதீங்க. சரின்னுட்டாருல்ல" என்றாள்.

கல்யாணம் நடந்தது. சில மாதம் கழித்து மாமனார் மதுரைக்குப் போய், சொந்தக்காரர்களை எல்லாம் திரட்டி, மாப்பிள்ளையின் அதே படத்துக்குக் கூட்டிக்கொண்டு போயிருக்கிறார். முருகன் வரவில்லை. ஆபரேஷன்தான் வந்தது. பொங்கலுக்குப் போன என்னிடம் அவர் முகம் கொடுக்கவே இல்லை. சாப்பாடு முடிந்த பிறகுதான் வாயைத் திறந்தார்.

"நல்லாத்தான இருந்துச்சு மாப்ள. சாமிய எதுக்கு வெட்டுனீக?"

உதவிக்கு மனைவியைப் பார்த்தேன். அவள் குழம்புச் சட்டியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

அதன்பிறகு பேய்ப் படம், துப்பறியும் படம் என்று எத்தனையோ வெட்டினேன். எதைப் பார்த்தாலும், "இதுல சாமி எந்த எடத்துல இருந்துச்சு?" என்று கேட்பார். கடைசிவரை அவரிடம் நாங்கள் உண்மையைச் சொல்லவில்லை. என் பேரப்பிள்ளைகளுக்கு மட்டும் எப்படியோ தெரிந்துவிட்டது. இன்றைக்கும் எங்கள் வீட்டில் சாவியோ குடையோ காணாமல் போனால் யாரும் தேடுவதில்லை. "தாத்தா வெட்டியிருப்பாரு" என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள்.