அத்தானின் வாயும் என் விரலும்

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நலம். அத்தானும் நலம். அவர் குரல் அவரைவிட நலம். நீயும் அப்பாவும் அங்கே எப்படி என்று நான் கேட்டதாக வைத்துக்கொள்.

நேற்றுக் காலை வானொலியில் அத்தான் உன்னைப் பற்றிப் பேசத் தொடங்கியதுமே புல்லாங்குழல் வந்ததே, அது நான். அவர் ஏதோ திட்டியதைத்தான் மறைத்தேன் என்று நீ இன்னும் மோசமாக நினைத்திருப்பாய். போனையும் எடுப்பதில்லை. அதனால் கடிதம்.

உனக்கே தெரியும், வானிலை வாசிக்கப் போன மனிதர். முதல் நாளே, நாளை மழை, சாக்கடை அடைத்திருக்கிறது, பொறியாளர் தூங்குகிறார் என்று வாசித்தார். ஊரே கேட்டது. தனி நிகழ்ச்சி கொடுத்தார்கள், பிறகு தொலைக்காட்சி. மேயர், பேருந்து, பல் வைத்தியர், யாரையும் விடவில்லை. வழக்குக்குப் பயந்து என்னை உட்காரவைத்தார்கள். அவர் பேசுவது பத்து நொடி கழித்துத்தான் வெளியே போகும். அதற்குள் நான் பட்டனை அமுக்கினால் புல்லாங்குழல் போகும்; தொலைக்காட்சி என்றால் அருவி. சில நாள் ஒரு மணி நேர நிகழ்ச்சியில் நாற்பது நிமிடம் அருவிதான். அதையும் பார்க்கிறார்கள், அக்கா. என்ன சொல்லியிருப்பார் என்று பந்தயம் கட்டுகிறார்கள்.

போன மாதம் புதுப் பாலமும் நீ கார் ஓட்டுவதும் ஒன்று, நம்பிக்கையாகத் தொடங்கிச் சுவரில் முடிகிறது என்றார். நான் தும்மிக்கொண்டிருந்தேன். பத்து நொடியும் தும்மல். அது அப்படியே ஊருக்குப் போய்விட்டது. நீ பெட்டியோடு அப்பா வீட்டுக்குக் கிளம்பிவிட்டாய். போகிற போக்கில் நிலைய மேலாளரை போனில் பிடித்து, அந்தாள் வாயில பொண்டாட்டிங்கிற வார்த்தை வந்தாலே அமுக்கணும் என்று சொன்னாயாம். அவர் நேராக என்னிடம் வந்தார்.

“தம்பி, இன்னொரு தடவை தும்மினே, வீட்டுக்குப் போய்த் தும்மு.”

ஆகவே நேற்று அத்தான் “என் பொண்டாட்டிகிட்ட” என்றதும் விரல் தானாகப் போய்விட்டது. மீதி எனக்கு மட்டும்தான் கேட்டது.

“தப்பு என்னோடதுதான். நீ இல்லாத வீட்டுல பேசினா, குறுக்கே பேச ஆளில்ல. வந்துடும்மா.”

ஹெட்போனைக் கழற்றிவிட்டு அழுதேன். விரலை எடுக்கவில்லை. வேலை போய்விடுமே.

அந்தப் பதிவை இத்துடன் அனுப்புகிறேன். அப்பாவையும் பக்கத்தில் உட்காரவைத்து, சத்தமாக வைத்துக் கேள். கேட்டதும் கிளம்பி வா.

அப்பாவுக்கு என் வணக்கத்தைச் சொல். நீ சீக்கிரம் கதவைத் தட்ட வேண்டும் என்பதைத் தவிர வேறு வேண்டுதல் இல்லை.

உன் தம்பி

பின்குறிப்பு: உறையை ஒட்டுமுன் பதிவை முழுதாகக் கேட்டேன். அப்பா வெளியே போனபிறகு கேள். மன்னிப்பு நாற்பது நொடி. அதன்பின் ஆறு நிமிடம், உனக்குக் கார் ஓட்டக் கற்றுக்கொடுத்த அப்பாவைப் பற்றி. முப்பத்தொன்பதாவது நொடியில் உன் விரல் தயாராக இருக்கட்டும். தும்மிவிடாதே.