காரணம் அண்ணாச்சி ஓடிய ஓட்டம்

உலகத்தில் நடக்கிற எந்தத் திருட்டுக்கும் காரணம் சொல்லக்கூடிய ஒரே மனிதர் தென்காசியில்தான் இருந்தார். இதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. ஐம்பதுகளின் கடைசியில் நான் அங்கே மாஜிஸ்ட்ரேட் கோர்ட்டில் பெஞ்ச் கிளார்க். அவர் புரொபேஷன் ஆபீசர். சின்ன வயதில் குற்றம் செய்து பிடிபட்டவனின் வீட்டுக்குப் போய் விசாரித்து, அவனைச் சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்பலாமா, கண்காணிப்பில் வீட்டிலேயே விடலாமா என்று மாஜிஸ்ட்ரேட்டுக்கு அறிக்கை கொடுப்பது அவர் உத்தியோகம். அவருடைய சொந்தப் பெயரைச் சம்பளப் பட்டியலில் தவிர வேறெங்கும் யாரும் பார்த்ததில்லை. ஊருக்கு அவர் காரணம் அண்ணாச்சி.

"ஆட்டக் காணும் அண்ணாச்சி" என்று ஒருவன் வந்து அழுதால், "ஆடு கெடக்கட்டும்வே, எடுத்தவன் ஏன் எடுத்தான்? அதச் சொல்லும்" என்பார். ஆட்டுக்காரன் மறுபடியும் அழுவான். இந்தத் தடவை ஆட்டுக்காக அல்ல.

ஒரு சமயம் பழைய பேப்பர் கடையில் அவருக்கு ஓர் ஆங்கிலப் புத்தகம் அகப்பட்டது. காதின் அமைப்பை வைத்தே குற்றவாளியைக் கண்டுபிடித்துவிடலாம் என்று அதில் யாரோ ஒரு வெள்ளைக்காரர் படம் போட்டு விளக்கியிருந்தார். அண்ணாச்சி தையல்காரரிடம் டேப்பை இரவல் வாங்கிக்கொண்டு சப் ஜெயிலுக்குள் நுழைந்தார். அங்கே இருந்த அத்தனை பேருக்கும் கோயில் விக்கிரகத்துக்கு வைத்ததுபோல லட்சணமான காது. புத்தகத்தில் இருந்த படத்துக்கு அப்படியே பொருந்தும் காது தென்காசியில் ஒருவருக்குத்தான் இருந்தது. அவர் சர்க்கார் வக்கீல்.

டேப்பைச் சுருட்டிக்கொண்டே அண்ணாச்சி என்னிடம் சொன்னார்: "ஒண்ணு புஸ்தகம் தப்பு, இல்லேன்னா வக்கீல் தப்பு. ரெண்டையும் வெளிய சொல்ல முடியாது பாத்துக்கிடும்."

காது போனதும் வயிறு வந்தது. பசிதான் திருட்டுக்குக் காரணம், வயிறு நிறைந்தவன் பொய் சொல்ல மாட்டான் என்று முடிவு கட்டினார். விசாரணைக்கு வருகிற பையன்களை முதலில் ஓட்டலுக்கு அழைத்துப் போய் இட்லி வாங்கிக் கொடுத்தார். விஷயம் பரவியது. ஒரு வாரத்தில் அவர் வீட்டு வாசலில் குற்றவாளிகள் வரிசையாக நின்றார்கள். புளியங்குடியிலிருந்து எலுமிச்சம்பழ லாரியில் ஏறி வந்து குற்றத்தை ஒப்புக்கொண்டவனும் உண்டு.

"நீ என்னலே செஞ்சே?"

"கோழி களவாண்டேன் சார்."

"யாரு வீட்டுக் கோழி?"

"அத நீங்களே ஒரு வீடாப் பாத்துப் போட்டுக்கிடுங்க சார். இட்லி ஆறுது."

ஸ்டேஷன் ஏட்டு வந்து கையெடுத்துக் கும்பிட்டார். "அண்ணாச்சி, களவாண்டவனுவ அத்தன பேரும் ரெடியா இருக்கானுவ. இனி இத்தன களவுக்கு நான் எங்க போவேன்? நிறுத்துங்க." இட்லி நின்றது. குற்றங்களும் அன்றே குறைந்தன.

இந்த நிலைமையில்தான் சுடலைமுத்து வழக்கு வந்தது.

மேலகரத்துப் பையன். பதின்மூன்று வயது. தகப்பன் இல்லை, தாய் நெல் அவிக்கப் போகிறவள். சீசனில் குற்றாலத்தில் குளிக்கிறவர்களின் துணிமணிகளுக்குக் காவல் இருந்து, கொடுத்ததை வாங்கிக்கொள்வான். முன்பு ஒரு வாழைத்தாரில் கை வைத்து அகப்பட்டவன் என்பதால் ஊரில் அவனுக்குக் கள்ளன் என்றே பெயர். இப்போது ஒரு வெளியூர்க்காரரின் வேட்டியோடு ஓடிப் பிடிபட்டிருந்தான். சின்னப் பையன்கள் வழக்கு என்பதால் மாஜிஸ்ட்ரேட் தம் அறையிலேயே விசாரித்தார்.

"காத்துல வேட்டி பறந்துது சாமி. தண்ணில போயிரும்னு பிடிச்சேன். கள்ளன்னு சத்தம் கேட்டுது. ஓடுனேன்."

"களவாடலன்னா அங்கனயே நின்னு குடுக்க வேண்டியதுதானலே? ஏன் ஓடுனே?"

பையன் தரையைப் பார்த்தான். மாஜிஸ்ட்ரேட் கண்டிப்பானவர், ஆனால் அநியாயக்காரர் அல்ல. ஓடியதற்கு ஒழுங்கான காரணம் இல்லாவிட்டால் பதினெட்டு வயதுவரை பையன் சீர்திருத்தப் பள்ளியில்தான் என்று சொல்லி, அண்ணாச்சியின் அறிக்கையைக் கேட்டார். வெளியே தாய்க்காரி அண்ணாச்சியின் காலில் விழுந்தாள். "எனக்கு இவன் ஒருத்தந்தான் ஐயா. அஞ்சு வருசம் கொண்டுபோயிட்டா நான் யாரப் பாத்துட்டு இருப்பேன்?"

அண்ணாச்சி அன்று மத்தியானம் சாப்பிடவில்லை. திருடுவதற்கு அவரிடம் மூட்டை மூட்டையாகக் காரணம் இருந்தது. ஓடுவதற்கு ஒன்றுகூட இல்லை.

"வாரும், ஞாயித்துக்கெழம குத்தாலம் போவோம்" என்றார் என்னிடம். "ஒரு வேட்டிய நான் எடுக்கப் போறேன்."

"என்ன அண்ணாச்சி இது!"

"பரிசோதனவே. எடுப்பேன். எவனாவது கள்ளன்னு சத்தம் போடுவான். நான் நிப்பேன். நின்னு, இந்தாரும் உம்ம வேட்டின்னு குடுத்துருவேன். அப்ப என்ன அர்த்தம்? மனசுல களவு இல்லாதவன் ஓட மாட்டான்னு அர்த்தம். பையன் சொல்லுதது பொய். அப்படியே எழுதிருவேன்."

"ஓடிட்டீங்கன்னா?"

"நானா? சர்க்கார் உத்தியோகஸ்தன்வே! நிப்பேன்."

சாரலும் வெயிலும் மாறி மாறி அடித்த அந்த ஞாயிற்றுக்கிழமை, பேரருவியில் எள் போட இடமில்லை. எண்ணெய் தேய்க்காமல் நின்றால் சந்தேகப்படுவார்கள் என்று, அண்ணாச்சி ஆளை வைத்துத் தலையிலிருந்து கால்வரை எண்ணெய் தேய்த்துக்கொண்டார். மூக்குக்கண்ணாடியையும் துணியையும் என்னிடம் கொடுத்தார். இடுப்பில் ஒரு துண்டு மட்டும். கண்ணாடி இல்லாமல் துழாவிக்கொண்டே போய், பாறைமேல் மடித்து வைத்திருந்த ஒரு ஜரிகை வேட்டியை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, போட்டோவுக்கு நிற்பதுபோல நின்றார்.

எண்ணெய் தேய்க்கிற ஆள் ஒருவன் பார்த்துவிட்டான். "ஏ, கள்ளன்! வேட்டிய எடுக்கான் பாரு!"

அண்ணாச்சி ஓடினார்.

சாதாரண ஓட்டமல்ல. தொந்தி முன்னே போக, அவர் பின்னே போக, அருவிக்கு முன்னாலிருக்கிற பாலத்தில் அவர் கால் பட்டதாகவே எனக்குத் தெரியவில்லை. "நில்லுங்க அண்ணாச்சி, நிக்கணும்னு சொன்னியளே!" என்று கத்திக்கொண்டே நானும் ஓடினேன். கான்ஸ்டபிள் ஒருவர் பாய்ந்து பிடித்தார். அண்ணாச்சி எண்ணெயில் வழுக்கி அவர் கைக்குள்ளிருந்து மீன் மாதிரி போய்விட்டார். வாழைப்பழக்காரர் பிடித்தார், அவர் கையில் மிஞ்சியது எண்ணெய் மட்டும்தான். சன்னதி பஜாரில் மங்குஸ்தான் பழக் கூடைமேல் விழுந்த பிறகுதான் அந்த ஓட்டம் ஓய்ந்தது.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு, ஈரத் துண்டோடு, மூச்சு வாங்க, வேட்டிக்குச் சொந்தக்காரர் வந்து சேர்ந்தார். நான் கண்ணை மூடிக்கொண்டேன். எங்கள் மாஜிஸ்ட்ரேட்.

"ஓய்! நீரா?"

மறுநாள் விசாரணை அறையில், முழங்காலில் கட்டோடு அண்ணாச்சி நின்றார். பக்கத்தில் சுடலைமுத்துவும் தாயும். மேஜைமேல் இரண்டு காகிதங்கள். பையனைச் சீர்திருத்தப் பள்ளிக்கு அனுப்பும் உத்தரவு ஒன்று. அண்ணாச்சியைப் பற்றி மேலிடத்துக்கு எழுதியது இன்னொன்று. இரண்டிலும் கையெழுத்துதான் பாக்கி.

"பரிசோதனைன்னு உம்ம சிநேகிதர் சொல்லுதார். நம்புதேன்" என்றார் மாஜிஸ்ட்ரேட். "சம்பளம் வாங்குத மனுசன், களவாட வரல. பின்ன ஏன்வே ஓடுனீர்?"

"தெரியல ஐயா."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்தச் சொல்லை அவர் வாயிலிருந்து அதுவரை நான் கேட்டதில்லை.

"கள்ளன்னு ஒரு சத்தம் வந்துது. நான் சர்க்கார் உத்தியோகம்னு என் காலுக்குத் தெரியல ஐயா. அம்பது வயசுல மொத தடவையா அந்தப் பேரு காதுல விழுந்துது, ஓடிட்டேன். இவன மேலகரத்துல தெனமும் அப்படித்தான் கூப்பிடுதாவ. தண்ணி எடுக்கப் போனாலும் கள்ளன், சாமி கும்பிடப் போனாலும் கள்ளன். இவன் நின்னுருந்தாத்தான் ஐயா ஆச்சரியம். அஞ்சு வருசம் அங்க அனுப்பினா அந்தப் பேர சர்க்காரே எழுதிக் குடுத்த மாதிரி ஆயிரும். என்ன எங்க வேணும்னாலும் அனுப்புங்க. இவன அனுப்பிராதிய."

மாஜிஸ்ட்ரேட் பேனாவை எடுத்தார், வைத்தார். பையனைக் கேட்டார்: "நீ எதுவரைக்கும்லே ஓடுனே?"

"பாலம் வரைக்கும் சாமி."

என் பக்கம் திரும்பினார். "இவரு?"

"பாலம் தாண்டி, மங்குஸ்தான் கடை வரைக்கும் ஐயா."

அவர் உதடு லேசாகத் துடித்தது. அதை மறைக்க மீசையைத் தடவிக்கொண்டார். பிறகு இரண்டு காகிதத்தையும் சேர்த்துக் கிழித்தார். பையன் தாயோடு இருக்கலாம், புரொபேஷன் ஆபீசர் கண்காணிக்க வேண்டும் என்று புதிய உத்தரவு எழுதினார். "நீர் இனிமே ஞாயித்துக்கெழமையில குத்தாலம் பக்கம் வரப்படாது" என்று வாய்மொழியாக ஒன்றும் சேர்த்தார். தாய்க்காரி அழுதுகொண்டே சிரித்தாள்.

சுடலைமுத்துவுக்கு ஓர் அரிசி ஆலையில் வேலை கிடைத்தது. கண்காணிப்பு என்ற பெயரில் அண்ணாச்சி தினமும் காலையில் அவனோடு நடந்தே போவார். டீக்கடையில் வெட்டியாக உட்கார்ந்திருந்தவர்கள் வழக்கம்போல, "ஏ கள்ளா!" என்று கூப்பிடுவார்கள். பையனின் தோள் இறுகும். அவன் திரும்புவதற்கு முன்னே அண்ணாச்சி திரும்பிவிடுவார்.

"என்னையா கூப்பிட்டிய? நாந்தான், நாந்தான். மாஜிஸ்ட்ரேட் வேட்டி! ஜரிக வேட்டி! இந்த ஜில்லாவுல வேற எவன் எடுத்திருக்கான், சொல்லுங்க பாப்போம்!"

கேலி செய்ய வந்தவர்கள் கதை கேட்க ஆரம்பித்தார்கள். ஒவ்வொரு நாளும் ஓட்டத்தின் தூரம் கூடியது. ஒரு கட்டத்தில், கதையில் அவர் செங்கோட்டைவரை ஓடிப் பிடிபட்டார். மழைக்காலம் முடிவதற்குள் மேலகரத்துக் குழந்தைகள்கூட அவரைத்தான் வேட்டிக் கள்ளன் அண்ணாச்சி என்று கூப்பிட்டார்கள். பையன் எல்லோருக்கும் சுடலைமுத்து ஆகிவிட்டான்.

சில வருஷங்கள் கழித்து அவருக்கு மாற்றல் வந்தது. பஸ் புறப்படும் நேரத்தில், கூட்டத்திலிருந்து யாரோ, "ஏ கள்ளா!" என்று கூவினார்கள். பஸ்மேல் அவருடைய பெட்டியைக் கட்டிக்கொண்டிருந்த சுடலைமுத்து தலையைக்கூடத் திருப்பவில்லை, முடிச்சை இறுக்கிக்கொண்டிருந்தான். அண்ணாச்சி மட்டும் ஜன்னல் வழியே தலையை நீட்டி, ஊருக்கே கேட்கும்படி, "நாந்தான், நாந்தான்!" என்று கையை ஆட்டிக்கொண்டே போனார்.