பச்சை ஒயர் சுற்றிய அரிவாள்

சிட்லபாக்கம்,
12-7-1988

கர்த்தருக்குள் பிரியமான மச்சான் அசரியாவுக்கு, அத்தான் ஜெபசீலன் ஸ்தோத்திரம் சொல்லி எழுதுவது. நானும் உன் அக்காள் ரத்தினபாயும் சுகம். அங்கும் அப்படியே இருக்க ஜெபிக்கிறோம்.

நிற்க. பேப்பரில் நீ படித்த ஏரிக்கரைக் கொலைக்கு நான் சாட்சி. கொலையைப் பார்த்த சாட்சி இல்லை. பால் வாங்கப் போனவனை ஏட்டு அப்பாதுரை மறித்து, "படிச்சவரு, ஒரு கையெழுத்துப் போட்டுட்டுப் போ சார்" என்றார். மரியாதையாகக் கேட்டாரே என்று போட்டேன். ஏரியில் ஆகாயத்தாமரை வாரும் மாரி, கொன்ற அரிவாளைத் தானே எடுத்துக் கொடுத்ததை நான் நேரில் பார்த்ததாக அதில் எழுதியிருந்ததாம். பிணம் மிதக்கிறது என்று ஸ்டேஷனுக்கு ஓடிப்போய்ச் சொன்னவனே இந்த மாரிதான். வேறு ஆளைத் தேடி அலைவானேன் என்று, வந்தவனையே உள்ளே வைத்துவிட்டார்கள். அப்புறம் ஒருநாள் அதே ஏட்டு, பெரிய அதிகாரி வருகிறார், ஸ்டேஷனைச் சுற்றிப் புதர் வெட்டவேண்டும் என்று, நீ கொடுத்துவிட்ட அரிவாளை இரவல் வாங்கிப் போனார். திரும்பி வரவில்லை. கேட்டால், "அது டூட்டில கீது சார்" என்பார்.

போன வாரம் செங்கல்பட்டுக் கோர்ட்டில் கூண்டில் ஏறினேன். "மாரி எடுத்துக் கொடுத்தது இதுதானே?" என்று அரசு வக்கீல் ஓர் அரிவாளைக் காட்டினார். கைப்பிடியில் பச்சை ஒயர்! உன் அக்காள் கூடை பின்னி மிஞ்சியதைச் சுற்றினாளே, அதே ஒயர். நான் வாயைத் திறப்பதற்குள் கரண்ட் போய்விட்டது, கேஸை நாளைக்கு வாய்தா போட்டுவிட்டார்கள். "ஒரு உசிரு போவுதுல்லா, உள்ளதச் சொல்லிருங்க" என்று உன் அக்காள் அரிக்கிறாள். மாரி பெண்சாதி சரசு தெருவில் மீன் கூவி வந்தால் நான் கதவைச் சாத்திக்கொள்கிறேன். வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் அரிவாள் என்னுடையது என்றால் மாரி வெளியே, நான் உள்ளே. தகவல் சொன்னவனையே பிடித்தவர்கள் அரிவாளுக்குச் சொந்தக்காரனை விடுவார்களா? ஆகையால் நாளைக்கு மூலக்கடுப்பு என்று டாக்டர் சர்டிபிகேட் அனுப்பிவிட்டு வீட்டிலேயே இருப்பேன். இதில் மாற்றமில்லை. நீயும் வேறு அரிவாள் அனுப்பாதே. நம் குடும்பத்தில் அரிவாள் வைத்துக்கொள்ளும் பழக்கமே கிடையாது.

பிள்ளைகளுக்கு முத்தங்கள். உன் வாசற்படியைத் தேவன் காப்பாராக.

இப்படிக்கு,
அத்தான் ஜெபசீலன்

பி.கு.: விடிந்து பார்த்தால் உன் அக்காளைக் காணோம். "ஒயர் சுத்தினது நான்தான்" என்று ஜட்ஜிடம் சொல்ல, சரசுவோடு முதல் ரயிலில் செங்கல்பட்டுக்குப் போய்விட்டாளாம். மூக்குக்கண்ணாடியை மேசையிலேயே விட்டுவிட்டாள். அது இல்லாவிட்டால் அரிவாளும் அகப்பையும் அவளுக்கு ஒன்றுதான். கொண்டுபோய்க் கொடுக்கப் புறப்பட்டுவிட்டேன். போவது போகிறேன், கூண்டிலும் ஏறிவிடுகிறேன். தேங்காய் வெட்ட வேறு அரிவாள் அனுப்பி வை.